அப்பா வெளியே போனால் திறக்காத ஆட்டம்

“...நான் வூட்டுக்குள்ள இருந்தா அது ஓடுதுங்க, வெளிய போனா ஓட மாட்டேங்குதுங்க. இதுக்கு மேல நான் என்னத்தச் சொல்றதுங்க?” என்றபடியே மாதப்பன் போர்வையில் சுற்றிக் கொண்டுவந்த கம்ப்யூட்டரை எங்கள் மேசைமேல் இறக்கி வைத்தார். அந்த வாரத்தில் அவர் அதைத் தூக்கிக்கொண்டு வருவது இரண்டாவது முறை.

மாதப்பன் மொரப்பூர்ப் பக்கத்து விவசாயி. தோட்டத்திலேயே வீடு. கம்ப்யூட்டர் அவருடைய மகன் கோகுலுடையது. எங்கள் கடை, கடத்தூர் பஸ் நிலையத்துக்கு எதிர்ச் சந்தில் இருந்த சின்ன சர்வீஸ் சென்டர். முதலாளி சவரிமுத்து சார். வேலைக்கு இருந்தது நான் ஒருத்திதான், என் பேர் செல்வி. கம்ப்யூட்டரில் வரும் எல்லாப் பழுதும் பார்ப்போம். ஆனாலும் பள்ளிக்கூடம் விடுமுறை விட்டுவிட்டால் எங்களுக்கு வருவது பெரும்பாலும் ஒரே புகார்தான்: கேம் ஓப்பன் ஆகவில்லை.

இப்போது நான் வேலையை விட்டுவிட்டேன். இடுப்பு உட்கார விடவில்லை, கண்ணும் பொடி எழுத்தைப் படிக்க விடவில்லை. என் இடத்தில் இருக்கும் நித்யா போன வாரம் போனில் கேட்டாள்: “அக்கா, இப்பல்லாம் குந்தின எடத்துலயே அவங்க ஸ்கிரீன எங்க ஸ்கிரீன்ல கொண்டாந்து சரி பண்ணிடறோம். நீங்க ஒரு கேமுக்காவ வூடு வரைக்கும் போவீங்களாமே, நெசமா?”

நிஜந்தான். போனில் சொல்லி முடிகிற விஷயமாக அது இல்லை. அதனால் எழுதுகிறேன்.

நான் படித்து இந்த வேலைக்கு வந்தவள் இல்லை. சாரின் கடை முதலில் பிரவுசிங் சென்டராக இருந்தது. யார் எந்த அறைக்குள் போனார்கள், எப்போது வெளியே வந்தார்கள் என்று பார்த்துக்கொள்வதுதான் என் வேலை. சாயங்காலம் வரும் பிள்ளைகள், “அக்கா, இது தொறக்கல” என்று கூப்பிடுவார்கள். போய்ப் பார்த்தால் திரையில் ஒரு பெட்டி, அதற்குள் இங்கிலீஷில் ஏதோ வரி. அதை எழுத்தெழுத்தாகப் பார்த்து அப்படியே இன்டர்நெட்டில் அடித்துத் தேடுவேன். உலகத்தில் எங்கேயோ ஒருவருக்கு அதே பெட்டி வந்திருக்கும், அவர் அழுதுவிட்டு வழியையும் எழுதி வைத்திருப்பார். இப்படியே சில வருஷங்கள் போயின. பிரவுசிங் சென்டர்களை எல்லாரும் மூடியபோது சார் மட்டும் பலகையை மாற்றி எழுதினார். “செல்வியம்மா, நீங்க இனிமே மெக்கானிக்குங்க” என்றார். என் படிப்பு அவ்வளவுதான்.

சாரைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். என்னைவிட எட்டு, ஒன்பது வயது இளையவர். மிஷின் தரையில் விழுந்தாலும் குரல் உயராது. கடைக்கு வரும் பள்ளிப் பிள்ளையிடம்கூட “வாங்க, குந்துங்க” என்றுதான் பேசுவார். மிஷினை அவர் முதலில் தொடவே மாட்டார். கொண்டுவந்தவரை நாற்காலியில் உட்கார வைத்து, “உங்க வூட்ல எப்பிடித் தொறப்பீங்களோ அப்பிடியே தொறங்க” என்று சொல்லிவிட்டு, கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நிற்பார். அவர்கள் தடுமாறினாலும் மௌஸ் பக்கம் கை போகாது. என் கை போனால் ஒரு செருமல் வரும். எடுத்துவிடுவேன்.

ஆட்டம் எந்த இடத்தில் நிற்கிறது என்பதைத்தான் அவர் கேட்பார். ‘ஓடவில்லை’ என்ற பதிலை ஏற்றுக்கொள்ளவே மாட்டார். படம் வருவதற்கு முன்பே நிற்கிறதா, படம் வந்த பிறகா, சத்தம் மட்டும் கேட்கிறதா, உள்ளே போய் ஊர் பேர் கேட்கும் இடத்திலா? மக்கள் அதற்குச் சொல்லும் பதில்கள் இருக்கின்றனவே, அவைதான் எனக்கு இந்த வேலையின் சம்பளத்துக்கு மேல் கிடைத்த சம்பளம். “மூஞ்ச மட்டும் காட்டிட்டு ஓடிப் போயிடுதுக்கா” என்பாள் ஒருத்தி. கம்பெனிப் படம் வந்து மறைகிறது என்று அர்த்தம். கிராபிக்ஸ் கார்டின் டிரைவரைப் பார்ப்போம். “உள்ளதான் இருக்குது, கதவத்தான் தொறக்க மாட்டேங்குது” என்பார் ஒருவர். ஆட்டம் பின்னால் ஓடிக்கொண்டிருக்கும், திரைக்கு வராது. டாஸ்க் மேனேஜரில் தேடிப் பிடித்து நிறுத்திவிட்டு மறுபடி திறந்தால் வந்துவிடும். பாப்பாரப்பட்டியில் டீக்கடை வைத்திருந்த ஒருவர் சொன்னதை நான் சாகும்வரை மறக்க மாட்டேன். “தேதி பாருங்க. மிசினு இன்னும் போன ஆட்சியிலயே குந்திக்கினு இருக்குது.” பார்த்தால் தேதி பல வருஷம் பின்னால் நின்றது. உள்ளே கைக்கடிகாரத்துக்குப் போடுவது போல ஒரு பொட்டு பேட்டரி உண்டு. அது செத்துப் போயிருந்தது. தேதி தப்பாக இருந்தால் இன்டர்நெட்டில் ஆடும் ஆட்டம் உள்ளே விடாது. பேட்டரியை மாற்றினோம், இந்த ஆட்சிக்கு வந்துவிட்டது.

மிஷினைப் பிரிக்கும்போது சார் ஒரு இட்லித் தட்டை எடுத்து வைத்துக்கொள்வார். ஒவ்வொரு குழியிலும் ஒவ்வோர் இடத்து ஸ்குரூ. பூட்டும்போது கடைசிக் குழியிலிருந்து முதல் குழிக்கு வருவார். ஒரு குழியில் ஒன்று மிஞ்சினாலும் மறுபடி பிரிப்பார். எல்லாவற்றையும் அழித்துவிட்டுப் புதிதாக ஏற்றுகிற ஃபார்மேட் வேலை அவருக்குப் பிடிக்காது. “அழிச்சுட்டா கேள்வியும் சேந்து அழிஞ்சுடுதுங்களே. அப்பறம் எதுக்குப் பதில் தேடறது?” என்பார். எல்லாம் பார்த்தும் காரணம் கிடைக்கவில்லை என்றால் கடைசியாக ஒரு கேள்வி வைத்திருப்பார்: “அந்த நேரத்துல வூட்ல வேற என்னங்க நடக்குது?”

மாதப்பன் முதல்முறை வந்தபோது இதையெல்லாம் முறைப்படி செய்தோம். அவருக்குத் திறக்கத் தெரியாததால் கோகுலைப் போனில் பிடித்து அவன் சொல்லச் சொல்ல நான் அழுத்தினேன். ஆட்டம் சொன்னவுடன் திறந்தது. நான்கு பேர் ஓர் அணியாகச் சேர்ந்து ஒரு தீவில் இறங்கிச் சண்டை போடும் ஆட்டம். மாதப்பன் திரையை எட்டிப் பார்த்துவிட்டு, “இதானுங்களா?” என்று மட்டும் கேட்டார். பாதி நாள் ஓடவிட்டுப் பார்த்தோம். சூடு இல்லை, தூசு இல்லை, மின்சாரம் பிரிக்கும் பெட்டி சரியாக இருந்தது. எடுத்துப் போனார். இரண்டு நாள் கழித்துத் திரும்ப வந்து சொன்னதைத்தான் ஆரம்பத்தில் எழுதினேன்.

கடையில் பிரிண்ட் எடுக்க வந்திருந்த ஒருவர் சிரித்துவிட்டார். “உங்களப் பாத்தாப் பயந்துக்கினு ஒழுங்கா ஓடுது போல” என்றார்.

மாதப்பனும் சிரித்தார். ஆனால் சிரிப்பு முடிந்த பிறகு அவர் முகம் நன்றாக இல்லை. “என் பையனும் அதேதான் சொல்றானுங்க. நான்தான் வேணும்னு என்னமோ பண்ணி நிறுத்தறேன்னு சொல்றான். பேச்சே இல்லீங்க இப்ப.”

சார் சிரிக்கவில்லை. “மிசினுக்கு நாங்க பாக்க வேண்டியதப் பாத்துட்டோம். செல்வியம்மா, நாளைக்குப் போயி வூட்டப் பாருங்க” என்றார்.

மறுநாள் சாயங்காலம் போனேன். தார் ரோட்டிலிருந்து உள்ளே கொஞ்சம் நடக்க வேண்டும். இரண்டு பக்கமும் சாமந்தி. செடி நிறைய மொட்டு. ஆயுத பூஜைக்கு விரியும்படி நட்டது. அந்த ஒரு வாரத்துப் பூவில்தான் அந்தப் பக்கத்துக் குடும்பங்களின் வருஷம் இருக்கிறது. கோகுலின் அம்மா துணிக் கம்பெனி வேனில் காலையில் போய் எட்டு மணி வாக்கில்தான் திரும்புவாராம். வீட்டில் அப்பாவும் மகனும் மட்டும்.

கோகுல் ஜன்னலோரக் கட்டிலில் சாய்ந்திருந்தான். இருபத்திரண்டு வயதுக்குள்தான் இருக்கும். ஐடிஐ முடித்து வேலைக்குப் போன புதிதில் பைக்கில் விழுந்து முதுகுத்தண்டு அடிபட்டது. இடுப்புக்குக் கீழே உணர்ச்சி இல்லை. வெல்டிங் பட்டறையில் இரும்புக் குழாயை வளைத்துச் செய்த மேசை ஒன்று கட்டிலின் குறுக்கே நின்றது. அதன்மேல் திரையும் கீபோர்டும். அப்பா சொல்லிச் செய்ததாம். மேசையின் ஓரம் எங்கேயும் குத்தாதபடி சைக்கிள் ட்யூபைச் சுற்றியிருந்தார்.

“கேமுக்கு மெக்கானிக் வூட்டுக்கே வருவாங்கன்னு இப்பதான் பாக்கறேன்” என்றான் கோகுல்.

“எங்க கடையில காட்டாத நோயி, நாங்க வந்தாத்தான பாக்க முடியும்” என்றேன். கொஞ்சம் சிரித்தான்.

மாதப்பன் எனக்குத் தண்ணீர் கொண்டுவர உள்ளே போனபோது குரலைத் தாழ்த்தினான். “அக்கா, மிசின்ல ஒண்ணும் இல்ல. அவருக்குப் புடிக்கல. நான் ஹெட்செட்ட மாட்டினதும் எழுந்து வெளிய போவாரு. அவரு போனா இது போயிடும். மெயின்ல என்னமோ பண்றாரு.”

“கேட்டியா?”

“கேட்டா, நான் ஏன்டா பண்ணப் போறேங்கறாரு.”

யாரோடு ஆடுவாய் என்று கேட்டேன். ஐடிஐயில் கூடப் படித்த மூன்று பேர். ஒருவன் ஓசூரில், மற்றவர்கள் திருப்பூரில். ஏழு மணிக்கு நான்கு பேரும் ஆட்டத்தில் சேர்வார்கள். “மொதல்ல வூட்டுக்கும் வந்துக்கினுதாங்க்கா இருந்தானுங்க. வந்தா என் காலப் பாப்பானுங்க, அப்பறம் சொவத்தப் பாப்பானுங்க. நானே வர வேணாம்னு சொல்லிட்டேன். கேமுக்குள்ள போனா எவனும் என் காலப் பாக்கறதில்ல. எனக்கு முன்னாடி ஓடாதடான்னு திட்றானுங்க.” சொல்லிவிட்டு ஹெட்செட்டின் கம்பியைச் சுற்றிச் சுற்றிப் பிரித்தான். “ஞாயித்துக்கெழம ஒரு போட்டி இருக்குது. இன்னிக்கும் நான் வரலேன்னா வேற ஒருத்தன சேத்துக்கறோம்னு மெசேஜ் போட்டிருக்கானுங்க. அவனுங்க மேல தப்பில்ல. எத்தன நாளுக்குத்தான் மூணு பேரா ஆடுவானுங்க.”

ஏழு மணிக்கு முன்னதாகவே ஆட்டத்தைத் திறக்கச் சொன்னேன். மாதப்பன் வாசல் நிலையில் சாய்ந்து நின்றார். உடனே திறந்தது. மூடச் சொல்லி மறுபடி திறக்கச் சொன்னேன். திறந்தது.

“பாத்தீங்களா, அவரு நிக்கறாரு” என்றான் கோகுல், சுவரைப் பார்த்து.

மாதப்பன் மகனைப் பார்த்தார். நான், “அண்ணா, நீங்க எப்பவும் இந்நேரத்துக்கு என்ன செய்வீங்களோ அதச் செய்யுங்க” என்றேன். சாரின் வழிதான், மிஷினுக்குப் பதிலாக மனுஷரிடம் சொன்னேன்.

அவர் தயங்கினார். “தண்ணி வேணுமாடா?” என்று மகனைக் கேட்டார். கட்டில் ஓரத்தில் குழாயோடு தொங்கிய சிறுநீர்ப் பையைக் குனிந்து பார்த்தார். தலையணையை ஒரு கையால் தூக்கிச் சரி செய்தார். கோகுல் ஹெட்செட்டை மாட்டிக்கொண்டான். அவர் துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு இறங்கிப் போனார்.

நான் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றேன். சற்று நேரத்தில் மேலே ஓடிய மின்விசிறியின் சத்தம் மாறியது. இறக்கைகள் தனித்தனியாகத் தெரிகிற அளவுக்கு மெதுவாகச் சுற்றியது. விளக்கு எல்இடி என்பதால் அது மங்கவே இல்லை. கட்டிலுக்கு அடியிலிருந்து ஒரு கூவல் கேட்டது. குனிந்தால், அங்கே ஒரு சின்ன யுபிஎஸ், கரண்ட் போனால் மிஷினைக் கொஞ்ச நேரம் தாங்கும் பெட்டி. அதில் சிவப்பு விளக்கு எரிந்தது. ஹெட்செட் போட்டிருந்த கோகுலுக்கு அந்தக் கூவல் கேட்கவே இல்லை. அவன் ஆட்டத்தைத் திறந்தான். கம்பெனிப் படம் வந்தது. பட்டென்று திரை இருண்டது. மிஷின் முதலிலிருந்து தொடங்கியது.

கோகுல் ஹெட்செட்டைக் கழற்றினான். “பாத்தீங்களா” என்றான் மறுபடி. இந்தமுறை அவன் குரலில் கோபம் இல்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

எனக்குப் பாதி புரிந்துவிட்டது. எங்கள் கடைக்கு மிஷின் மட்டும் வந்தது, கட்டிலுக்கு அடியில் இருந்த இந்தப் பெட்டி வரவில்லை. வீட்டில் வோல்டேஜ் விழுந்ததும் யுபிஎஸ் பேட்டரிக்கு மாறிக்கொள்கிறது. மிஷின் சும்மா நிற்கும்வரை அது தாங்கும். ஆட்டம் திறக்கும்போது கிராபிக்ஸ் கார்டு ஒரே மூச்சில் கரண்டை இழுக்கும். அதற்கு அந்தச் சின்னப் பெட்டியால் முடியாது. வோல்டேஜ் ஏன் விழுகிறது என்பதுதான் மீதி. வெளியே இறங்கினேன்.

மோட்டார் சத்தம் இருட்டுக்குள்ளிருந்து வந்தது. வீட்டுக்குப் பின்னால் மோட்டார் ரூம், அதற்கு வெளியே தண்ணீர் விழும் சிமெண்டுத் தொட்டி. மாதப்பன் சாமந்தி வரிசைக்கு நடுவில் செல்போன் வெளிச்சத்தில் மம்மட்டியால் மடை திருப்பிக்கொண்டிருந்தார். அந்த வருஷங்களில் மும்முனை மின்சாரம் பகலில் சில மணி நேரம்தான் வரும். மற்ற நேரம் வீட்டு விளக்குகளுக்கான இருமுனைதான். அதில் மோட்டாரை ஓட்ட ஒரு கன்டென்சரை மாட்டுவார்கள். ஓடும். ஆனால் அக்கம்பக்கத்துக் கரண்டையெல்லாம் உறிஞ்சிக்கொண்டு ஓடும்.

“அண்ணா, அத நிறுத்துங்க” என்றேன். நிறுத்தினார். கோகுலைப் போனில் கூப்பிட்டுத் திறக்கச் சொன்னேன். “வந்துடுச்சுக்கா” என்றான். மூடச் சொன்னேன். போனைக் கையால் பொத்திக்கொண்டு மாதப்பனிடம் மோட்டாரைப் போடச் சொன்னேன். போட்டார். “இப்ப தொற” என்றேன் போனில். கொஞ்ச நேரம் கழித்து, “போயிடுச்சு” என்றான்.

போனை வைத்துவிட்டு மாதப்பனைப் பார்த்தேன். விளக்கம் எதுவும் தேவைப்படவில்லை. அவர் மோட்டாரை நிறுத்திவிட்டு அங்கேயே நின்றார்.

“பகல்ல பாய்ச்ச முடியாதுங்களா அண்ணா?”

“பகல்ல எப்பிடிங்க? கரண்ட் வர்ற நேரம் அவனக் குளிக்க வெக்கணும். அப்பறம் மணிக்கொரு தரம் திருப்பிப் போடணும், இல்லேன்னா முதுகு புண்ணாயிடும். கூப்புட்டா ஓடணும். ராத்திரி அவங்கம்மா வந்தப்பறம்னா எல்லாரும் மோட்டாரப் போட்டுடறாங்க, லைன் இழுக்க மாட்டேங்குது. இந்த ஒரு நேரந்தாங்க அவன் என்னக் கூப்புட மாட்டான். அதக் காதுல மாட்டிக்கினு சிரிப்பான். சரி, நம்ம இல்லேன்னாலும் பையன் நல்லாருப்பான்னு இந்நேரத்துக்குத்தான் வெளிய வர்றேன்.” மம்மட்டிப் பிடியில் ஒட்டிய சேற்றைக் கட்டை விரலால் வழித்தார். “ரெண்டு வாரமா இதத்தான் பண்ணிக்கினு இருந்திருக்கேன் போல.”

யுபிஎஸ்ஸைத் தூக்கிப் போட்டுவிட்டு இன்வெர்ட்டரும் பெரிய பேட்டரியும் வைக்கலாம், பகலில் சார்ஜ் ஏறி சாயங்காலம் தனியாகத் தாங்கும், சாரிடம் சொல்கிறேன், சேலத்திலிருந்து வரவழைக்க ஒரு வாரம் ஆகும் என்றேன். பிறகு அப்படியே சார் ஏற்பாடும் செய்தார். ஆனால் அன்றைக்கு மாதப்பன் கேட்டது வேறு.

“வர்ற வரைக்கும்?”

“ரெண்டுல ஒண்ணுதாங்க ஓடும்.”

அவர் மொட்டுகளைப் பார்த்தார். மடை திரும்பாத பக்கத்தில் மண் வெளுத்து வெடித்திருந்தது. “ஒரு வாரம் வுட்டா இது கருகிடும்” என்றார், யாரிடமும் இல்லாமல்.

“நான் போயி கோகுல்கிட்ட விவரத்தச் சொல்றேன். உங்க மேல தப்பில்லன்னு அவனுக்குத் தெரியணும்.”

“வேணாங்க.” அவசரமாகச் சொன்னார். “தெரிஞ்சா, எனக்கு ஆட்டம் வேணாம், நீ தண்ணி பாய்ச்சுப்பான்னு சொல்லிடுவான். அவன் அப்பிடித்தான். அந்தப் பொட்டில கோளாறுன்னு சொல்லிடுங்க. அதயும் நம்பாம என் மேல கோவமா இருக்கறதுன்னா ஒரு வாரத்துக்கு இருந்துட்டுப் போவட்டும்.”

பெட்டியிலும் கோளாறுதான், பொய் இல்லை. சரி என்றேன். வீட்டுப் பக்கம் நான் திரும்புவதற்குள் ஜன்னலில் நீல வெளிச்சம் ஏறியது. “டேய், இருங்கடா, நான் வந்துட்டேன்டா” என்று கோகுலின் குரல் தோட்டம் வரைக்கும் கேட்டது.

மாதப்பன் மோட்டார் ரூமுக்குள் போய், மோட்டார் தப்பித் தவறியும் ஓடாதபடி அதன் ஃபியூஸைப் பிடுங்கிச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டார். மம்மட்டியைச் சுவரில் சாய்த்தார். மூலையிலிருந்து இரண்டு பிளாஸ்டிக் குடங்களை எடுத்துவந்து, சத்தம் வராதபடி தொட்டிக்குள் ஒவ்வொன்றாக அமுக்கி நிரப்பிக்கொண்டு, முதல் செடியின் அடியில் போய்க் குனிந்தார்.